கடவுளின் மௌனமும் ஆயரின் சொல்லும்: இங்மார் பெர்க்மனின் திரைப்படங்கள்

திரைப்படத்தைக் குறித்துத் திருச்சபையினரிடையே இருவகை மனநிலைகள் நிலவி வந்துள்ளன. அது உலகத்தின் கவர்ச்சி, விசுவாசி விலகி நிற்கவேண்டியது என்பது ஒன்று. திருமறை நிகழ்ச்சிகளைக் காட்டும்போது மட்டும் அது நற்செய்திப் பணிக்குரிய கருவியாகலாம் என்பது மற்றொன்று. இவ்விரண்டும் ஒரு முக்கியமான வினாவைத் தொடாமலேயே விட்டுவிடுகின்றன. விசுவாசத்தைப் பரப்பும் நோக்கம் சிறிதும் இல்லாத ஒரு கலைஞர், தம் இளமையில் பெற்ற விசுவாசத்தை இழந்துவிட்டதாகத் தாமே கூறிய ஒருவர், கடவுளைப்பற்றிய வினாவைத் திரையில் மீண்டும் மீண்டும் எழுப்புவாராயின், அதைத் திருச்சபையின் ஊழியர்கள் எவ்வாறு கேட்பது?

சுவீடன் நாட்டு இயக்குநர் இங்மார் பெர்க்மன் (1918–2007) இவ்வினாவை நம்முன் நிறுத்துகிறவர்களுள் தலையாயவர். அவர் ஓர் ஆயரின் மகன். அவருடைய படங்களில் ஆயர்கள் பலமுறை தோன்றுகின்றனர். பெரும்பாலும் தோற்றுப்போனவர்களாகவே தோன்றுகின்றனர். அத்தோல்வியின் தன்மையை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

குருமனையில் வளர்ந்த பிள்ளை

பெர்க்மன் 1918ஆம் ஆண்டு ஜூலை 14ஆம் நாள் உப்சாலா நகரில் பிறந்தார். தந்தை எரிக் பெர்க்மன் சுவீடன் லுத்தரன் திருச்சபையின் ஆயர். ஸ்டாக்ஹோமில் சோபியாஹெம்மெட் மருத்துவமனையிலும், பின்னர் ஹெட்விக் எலியோனோரா ஆலயத்திலும் பணியாற்றி, அரச குடும்பத்தின் குருவாகவும் விளங்கியவர். இச்சுவீடன் திருச்சபை நமக்கு அந்நியமானதன்று. அதன் மிஷனெரி ஒருவரே 1921இல் தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபையின் முதற்பேராயராகத் திருநிலைப்படுத்தப்பட்டார். ஒரே திருச்சபை தூரதேசத்தில் ஆலயங்களை எழுப்பிய காலத்தில், தன் சொந்தக் குருமனைகளில் எத்தகைய சமயத்தைப் பிள்ளைகளுக்கு அளித்தது என்பதையும் பெர்க்மனின் வாழ்க்கை காட்டுகிறது.

1987இல் வெளிவந்த 'மாய விளக்கு' என்னும் தன்வரலாற்றில் அவர் அவ்வீட்டை விவரிக்கிறார். பாவம், அறிக்கை, தண்டனை, மன்னிப்பு, கிருபை என்பவை அங்கே வெறும் போதனைகளாக இருக்கவில்லை. அன்றாட வீட்டு ஒழுங்காக இருந்தன. தவறு செய்த பிள்ளை அதை அறிக்கையிட வேண்டும். கம்பளம் அடிக்கும் பிரம்பால் அடி வாங்க வேண்டும். பிறகு தந்தையின் கையை முத்தமிட வேண்டும். அதன்பின் மன்னிப்பு அறிவிக்கப்படும். இருண்ட அலமாரிக்குள் அடைக்கப்படுவதும் உண்டு. இது ஒரு கலைஞரின் நினைவுக்கூற்று என்பதை மறக்கலாகாது. ஆயினும் அந்நினைவு இறையியல் அடிப்படையில் கூர்மையானது. நற்செய்தியின் சொற்கள் அனைத்தும் அங்கே இருந்தன. ஆனால் அவை நியாயப்பிரமாணத்தின் பணியையே செய்தன. கிருபை என்ற சொல் அடியின் முடிவில் வரும் ஒரு சடங்காகிவிட்டால், அச்சொல்லைக் கேட்கும் பிள்ளையின் உள்ளத்தில் எத்தகைய கடவுள் உருவாவார்?

அதே தந்தைதான் மகனை மிதிவண்டியில் நாட்டுப்புற ஆலயங்களுக்கு அழைத்துச் சென்றார். தந்தை பிரசங்கிக்க, சிறுவன் சுவரோவியங்களில் ஆழ்ந்திருந்தான். ஸ்டாக்ஹோமுக்கு அருகிலுள்ள டேபி ஆலயத்தில், 15ஆம் நூற்றாண்டில் ஆல்பெர்ட்டுஸ் பிக்டர் என்னும் ஓவியர் தீட்டிய காட்சியொன்று உண்டு; அதில் மரணம் மனிதனோடு சதுரங்கம் ஆடுகிறது. பிரசங்கம் செய்யாததை ஓவியம் செய்தது. ஒரு கிறிஸ்துமஸ் நாளில் தமையனுக்குக் கிடைத்த சிறு படக்காட்டும் கருவியைத் தன் ஈயப் பொம்மை வீரர்களைக் கொடுத்து அவன் மாற்றிக்கொண்டான் என்பதும் இக்காலத்து நிகழ்ச்சியே.

இன்னொரு நினைவும் இங்குக் குறிக்கத்தக்கது. 1930களில் மாணவர் பரிமாற்றத் திட்டத்தின்கீழ் ஜெர்மனிக்குச் சென்ற இளைஞர் பெர்க்மன் ஓர் ஆயரின் இல்லத்தில் தங்கினார். அந்த ஆயர் திருமறையை விட்டு இட்லரின் நூலிலிருந்து பகுதியை எடுத்துப் பிரசங்கித்தார் என்று பெர்க்மன் எழுதுகிறார். தாமும் அம்மயக்கத்திற்கு ஆட்பட்டதையும், போருக்குப்பின் வதைமுகாம்களின் உண்மை வெளிப்பட்டபோது நேர்ந்த அதிர்ச்சியையும் அவர் மறைக்கவில்லை. பிரசங்கபீடத்திலிருந்து வரும் உறுதியான குரலைக் குறித்து அவர் பிற்காலத்தில் கொண்ட ஐயத்திற்கு இத்தகைய வேர்களும் உண்டு.

ஏழாம் முத்திரை

1946இல் முதற்படத்தை இயக்கிய பெர்க்மன், பத்தாண்டுகளுக்குப்பின் உலகப் புகழ் பெற்றார். அதற்கு முக்கிய காரணமான 'ஏழாம் முத்திரை' (1957) வெளிப்படுத்தின விசேஷம் 8:1லிருந்து பெயர் பெற்றது. அவ்வசனத்தில் ஏழாம் முத்திரை உடைக்கப்படும்போது பரலோகத்தில் அமைதி உண்டாகிறது. பெர்க்மனின் நெடிய தேடலுக்கு அந்த அமைதியே தொடக்கம்.

பத்தாண்டுகள் சிலுவைப் போரில் கழித்துத் திரும்பும் அன்டோனியுஸ் பிளாக் என்னும் வீரன், கொள்ளைநோய் பரவிய தன் நாட்டின் கடற்கரையில் மரணத்தைச் சந்திக்கிறான். சதுரங்க ஆட்டத்தால் சிறிது காலம் பெறுகிறான். சிற்றாலயம் ஒன்றில் பாவ அறிக்கை செய்யும்போது, தனக்கு விசுவாசமோ ஊகமோ வேண்டாம், அறிவே வேண்டும் என்கிறான். கடவுள் தன்னோடு பேசவேண்டும் என்கிறான். கம்பிக்கு அப்பால் கேட்டுக்கொண்டிருப்பது குருவானவர் அன்று, மரணமே.

இறையியல் மாணவர்கள் ஊன்றிக் கவனிக்கவேண்டிய பாத்திரம் ஒன்று இப்படத்தில் உண்டு. இவ்வீரனைச் சிலுவைப் போருக்குத் தூண்டியனுப்பிய ராவல் என்பவன் இறையியல் கற்றவன். இப்போது அவன் கொள்ளைநோயில் இறந்தோரின் நகைகளைத் திருடுகிறான். பிறரை உயிர்விடத் தூண்டிய சொல் அதைச் சொன்னவனைச் சிறிதும் மாற்றவில்லை.

எனினும் படம் வெறும் மறுப்பாக முடிவதில்லை. யோஃப், மியா என்னும் கூத்தாடித் தம்பதியர் தங்கள் குழந்தையோடு வழியில் சேர்கின்றனர். மலைச்சரிவில் மியா அளிக்கும் காட்டுப் பழங்களையும் பாலையும் வீரன் இரு கைகளாலும் ஏந்திப் பெறும் காட்சி, திருவிருந்தை நினைவூட்டாமல் போகாது. பின்னர் அவன் வேண்டுமென்றே சதுரங்கக் காய்களைத் தட்டிவிட்டு மரணத்தின் கவனத்தைத் திருப்புகிறான். அதற்குள் அக்குடும்பம் தப்பிச் செல்கிறது. கடவுளைப்பற்றிய அறிவு அவனுக்குக் கிட்டவில்லை. ஆனால் பிறருக்காகச் செய்யத்தக்க ஒரு செயல் கிட்டியது.

பழியும் ஊற்றும்

'கன்னியின் ஊற்று' (1960) பழைய சுவீடன் கதைப்பாடல் ஒன்றைத் தழுவியது. ஆலயத்திற்கு மெழுகுதிரி கொண்டுசெல்லும் வழியில் கரீன் என்னும் பெண் கற்பழிக்கப்பட்டுக் கொல்லப்படுகிறாள். கொலைகாரர்கள் அறியாமல் அவளுடைய தந்தையின் வீட்டிலேயே அடைக்கலம் கேட்கின்றனர். தந்தை தோரே அவர்களைக் கொல்கிறான். அவர்களோடிருந்த, அக்கொடுமையில் பங்குபெறாத சிறுவனையும் கொல்கிறான். பின்பு மகளின் உடலருகே, கடவுள் இவை யாவற்றையும் கண்டும் இடங்கொடுத்தார் என்று முறையிடுகிறான். அவரைத் தன்னால் புரிந்துகொள்ள முடியவில்லை என்றும், ஆயினும் அவருடைய மன்னிப்பை விட்டு வாழ வேறு வழி அறியேன் என்றும் கூறி, அவ்விடத்தில் ஓர் ஆலயம் கட்டுவதாகப் பொருத்தனை செய்கிறான். மகளின் உடலைத் தூக்கும்போது அவள் கிடந்த இடத்தில் ஊற்று பெருக்கெடுக்கிறது.

அமெரிக்காவின் ஆஸ்கார் விருதைப் பெற்ற இப்படத்தைப் பெர்க்மன் பிற்காலத்தில் அவ்வளவாக மதிக்கவில்லை. ஊற்று எளிதில் கிடைத்த விடையாக அவருக்குத் தோன்றியிருக்கலாம். ஆயினும் தோரேயின் முறையீடு சங்கீதங்களின் மரபைச் சேர்ந்தது. கடவுளைக் குற்றஞ்சாட்டுகிறவன் கடவுளை விட்டு விலகியவன் அல்லன், அவர்முன் நிற்கிறவன்.

மூன்று படங்கள்

அடுத்து வந்த மூன்று படங்கள் ஒன்றாக வைத்து எண்ணப்படுகின்றன. முதலாவது, 1 கொரிந்தியர் 13:12லிருந்து பெயர் பெற்ற 'கண்ணாடியில் நிழலாட்டமாய்' (1961). மனநோயால் வாடும் கரீன் என்னும் இளம்பெண் கடவுளின் வருகைக்காகக் காத்திருக்கிறாள். அவளுக்குத் தோன்றும் கடவுளோ ஒரு சிலந்தி. அவள் மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்டபின், அவளுடைய தந்தை தாவீது தன் மகன் மீனுஸிடம், மனிதரிடையே மெய்யாகவே இருக்கும் அன்பே கடவுள் உண்டென்பதற்குச் சான்று என்கிறார். மகனுக்கு அந்த விளக்கத்தைவிட, தந்தை தன்னோடு பேசினார் என்பதே பெரிதாகப்படுகிறது.

இரண்டாவது படம் ஆங்கிலத்தில் 'குளிர்கால வெளிச்சம்' எனப் பெயர் பெற்றது (1963). அதன் சுவீடன் மொழிப் பெயருக்கு 'இராப்போஜன விருந்தினர்' என்பது பொருள். ஆயர்களாகிய நாம் வேறெதைப் பாராவிடினும் இதைப் பார்த்தல் நலம். ஒரு ஞாயிறன்று நண்பகலில், விரல்விட்டு எண்ணத்தக்க சிலரே கலந்துகொள்ளும் திருவிருந்து ஆராதனையோடு படம் தொடங்கி, சில மணி நேரத்திற்குப்பின் மற்றோர் ஆலயத்தின் ஆராதனையோடு முடிகிறது. இடையில் நிகழ்வது ஓர் ஆயரின் வீழ்ச்சி.

மனைவியை இழந்த ஆயர் தோமாஸ் எரிக்சனிடம் யோனாஸ் என்னும் மீனவனை அவன் மனைவி அழைத்து வருகிறாள். சீனா அணுகுண்டு பெறப்போகிறது என்று செய்தித்தாளில் படித்ததுமுதல் அவன் பேச்சிழந்து நிற்கிறான். ஆயர் முதலில், கடவுளை நம்பவேண்டும் என்ற வழக்கமான ஆறுதலைக் கூறுகிறார். கூறும்போதே அச்சொல்லில் தமக்கு நம்பிக்கை இல்லை என்பது அவருக்கும் தெரிகிறது, அவனுக்கும் தெரிகிறது. அவன் மீண்டும் தனியே வரும்போது, ஆயர் வேறொரு முறையைக் கையாள்கிறார். தம் சொந்த ஐயங்களையெல்லாம் அவன்முன் கொட்டுகிறார். கடவுள் இல்லையென்றால் எல்லாம் எளிதில் விளங்கும் என்கிறார். யோனாஸ் எழுந்து போகிறான். ஆற்றங்கரையில் தன்னைச் சுட்டுக்கொண்டு இறக்கிறான்.

இரண்டு உரையாடல்களும் ஒன்றுக்கொன்று எதிரானவைபோலத் தோன்றினும், ஒரே தவறு அவற்றில் உண்டு. முதலாவதில் ஆயர் திருச்சபையின் சொல்லுக்குள் ஒளிந்துகொள்கிறார். இரண்டாவதில் தம் துயரத்துக்குள் ஒளிந்துகொள்கிறார். இரண்டிலும் யோனாஸ் பேசுவதில்லை, ஆயரே பேசுகிறார். யோபுவின் நண்பர்கள் ஏழு நாள் வாய்திறவாமல் அவனோடு தரையில் உட்கார்ந்திருந்தனர் (யோபு 2:13). அவர்கள் செய்தவற்றுள் நல்லது அதுவே. தோமாஸுக்கு அந்த ஏழு நாளில் ஒரு நாழிகையேனும் வாய்க்கவில்லை. உளநிலை ஆலோசனையைப் பாடமாகக் கற்பிக்கும் இடங்களில், வாய்மையும் ஒளிவின்மையும் மட்டுமே போதுமானவை என்று எண்ணுவோருக்கு இக்காட்சி தக்க எச்சரிப்பு. ஆயர் தம் ஐயத்தை மறைக்க வேண்டியதில்லை; ஆனால் சாகும் நிலையிலுள்ளவன்மேல் அதைச் சுமத்தலாகாது.

படத்தின் இறையியல் மையம் ஆயரிடம் இல்லை; ஆலயப் பணியாளர் அல்காட் ஃபிரெவிக்கிடம் உள்ளது. உடல் கோணி, ஓயாத வலியால் வருந்தும் அம்மனிதர், ஆயர் முன்பு சொன்னபடி கிறிஸ்துவின் பாடுகளை வாசித்திருக்கிறார். கிறிஸ்துவின் உடல் வேதனையை நாம் மிகைப்படுத்துகிறோம், அவ்வளவு வேதனையைத் தாமும் அறிந்ததுண்டு என்கிறார் அவர். மூன்றாண்டுகள் உடனிருந்த சீஷர்கள் ஒன்றும் விளங்காமல் உறங்கியதும், அவரை விட்டு ஓடியதும், இறுதியில் சிலுவையில் பிதாவும் தம்மைக் கைவிட்டார் என்று அவர் உணர்ந்ததுமே மெய்யான பாடு என்பது அவர் கருத்து. மாற்கு 15:34க்கு இதனினும் எளிய, இதனினும் ஆழ்ந்த விளக்கத்தை நூல்களில் காண்பது அரிது. கடவுளின் மௌனம் விசுவாசத்திற்குப் புறம்பானதன்று, கிறிஸ்துவே அதனுள் நின்றார் என்பதைக் கல்லாத ஒருவர் கற்ற ஆயருக்குப் போதிக்கிறார்.

மூன்று மணி ஆராதனைக்கு மணி அடிக்கிறது. சபையார் எவரும் வரவில்லை. ஆயரை நேசித்து, அவரால் சற்றுமுன் கொடிய சொற்களால் புறக்கணிக்கப்பட்ட ஆசிரியை மேர்த்தா மட்டும் அமர்ந்திருக்கிறாள். அவளோ கடவுள் நம்பிக்கையற்றவள். ஆராதனையைக் கைவிட்டுவிடலாம். ஆனால் தோமாஸ் பீடத்தின்முன் எழுந்து நின்று, கடவுளின் பரிசுத்தத்தைப் போற்றும் சொற்களோடு ஆராதனையைத் தொடங்குகிறார். படம் அங்கே முடிகிறது.

இம்முடிவு பெர்க்மனுக்குத் தம் தந்தையின் மூலமாகக் கிடைத்தது. இருவரும் ஒரு ஞாயிறன்று நாட்டுப்புற ஆலயம் ஒன்றுக்குச் சென்றிருந்தபோது, அங்கிருந்த ஆயர் உடல்நலமின்மையைக் காரணங்காட்டித் திருவிருந்து இல்லை என்றார். முதியவரான எரிக் பெர்க்மன் எழுந்து உள்ளே சென்று, தாமே பீடத்தருகே வந்து திருவிருந்தை நடத்தினார். எது நேர்ந்தாலும் ஆராதனையை நடத்தியே தீரவேண்டும் என்னும் கட்டளையை மகன் அன்று கற்றுக்கொண்டார். பிரம்பைக் கையிலெடுத்த தந்தையே இதையும் கற்பித்தார் என்பதை நாம் சேர்த்தே எண்ணவேண்டும்.

மூன்றாவது படமாகிய 'மௌனம்' (1963) கடவுளின் பெயரை ஏறக்குறைய விட்டுவிடுகிறது. மொழி விளங்காத ஓர் அந்நிய நகரில், ஒருவரையொருவர் வெறுக்கும் இரு சகோதரிகள் தங்கியிருக்கின்றனர். மரணத்தை எதிர்நோக்கும் மூத்தவள் எஸ்தர், அந்நிய மொழியில் தான் கற்ற சில சொற்களை எழுதித் தங்கையின் மகனிடம் கொடுக்கிறாள். அச்சொற்களை வாசித்தபடியே சிறுவன் செல்கிறான். கடவுள் பேசாத உலகில் மனிதர் ஒருவர்க்கொருவர் விட்டுச்செல்லும் சில சொற்களே எஞ்சுகின்றன.

தாமே தம்மை மறுத்தல்

இப்படங்களில் ஒரு சிறப்பைக் குறிப்பிட வேண்டும். முதற்படத்தில் தந்தை கூறிய அன்பின் விளக்கத்தை, இரண்டாம் படத்தில் ஆலய இசைஞர் ஒருவர் ஆயரின் தேய்ந்த பிரசங்கத் தொடராகச் சொல்லி எள்ளுகிறார். அதாவது, தாம் முன்பு கண்ட விடையைப் பெர்க்மனே ஐயுற்று நிராகரிக்கிறார். 1 யோவான் 4ஆம் அதிகாரத்தின் உண்மை பொய்யாகிவிட்டது என்பதன்று இதன் பொருள். அந்த உண்மையும் திரும்பத் திரும்பச் சொல்வதனால் தேய்ந்துபோகக்கூடும் என்பதே பொருள்.

சுவீடனிலேயே அவரை மறுத்தவர்களும் உண்டு. 1962இல் பூ வீடெர்பெரி என்னும் இளைய இயக்குநர், பெர்க்மன் எப்பொழுதும் மேல்நோக்கியே பார்க்கிறார், சமுதாயத்தில் மனிதரிடையே நிலவும் உறவுகளைக் காணவில்லை என்று குறைகூறினார். பசியும் அநீதியும் நிறைந்த சூழலில் பணியாற்றுகிறவர்கள் இக்குறையை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. பெர்க்மனின் மாந்தர் பெரும்பாலும் வசதி படைத்தோர். அவர்கள் கடவுளைத் தேடுவது உணவு உண்டபின்னரே. போரினால் சிதையும் தம்பதியரைக் காட்டும் 'வெட்கம்' (1968) இதற்கு ஓரளவு விலக்கு. ஆனால் யோனாஸின் அச்சம் செய்தித்தாளிலிருந்து வந்தது என்பதையும் நினைவில் கொள்ளவேண்டும். உலகின் அநீதியே சிலருக்குக் கடவுளின் மௌனமாகக் கேட்கிறது.

கையும் முகமூடியும்

1960களின் நடுப்பகுதிக்குப்பின் கடவுள் உண்டோ என்ற வினா அவர் படங்களில் பின்னுக்குச் செல்கிறது. ஒழுக்க வினா முன்னுக்கு வருகிறது. 'கூக்குரல்களும் முணுமுணுப்புகளும்' (1972) என்னும் படத்தில் ஆக்னஸ் புற்றுநோயால் துன்புற்று இறக்கிறாள். அவளுடைய சகோதரிகள் அவளைத் தொடவும் அஞ்சுகின்றனர். படுக்கையருகே ஜெபிக்க வரும் ஆயர், அவளுடைய விசுவாசம் தம்முடையதைவிட வலியது என்று ஒப்புக்கொண்டு, தங்களுக்காகக் கடவுளிடம் பரிந்து பேசும்படி இறந்தவளையே வேண்டுகிறார். பணிப்பெண் அன்னாவோ, தன் குழந்தையை இழந்தவள், ஆக்னஸைத் தன் மடியில் ஏந்திக்கொள்கிறாள். மரியாள் கிறிஸ்துவின் உடலை ஏந்தும் ஓவியங்களின் உருவமே அங்கே தோன்றுகிறது. இப்படத்தின் ஒளிப்பதிவுக்காக ஆஸ்கார் விருது பெற்ற ஸ்வென் நிக்விஸ்ட் காங்கோவில் பணியாற்றிய மிஷனெரி பெற்றோரின் மகன். 'குளிர்கால வெளிச்சம்' படத்திற்காக அவரும் பெர்க்மனும் ஆலயங்களில் அமர்ந்து, பகலொளி நகர்வதைப் பொறுமையோடு கவனித்தனர் என்பது அறியத்தக்கது.

'ஃபான்னியும் அலெக்சாந்தரும்' (1982) குருமனைக்குத் திரும்புகிறது. பேராயர் எட்வர்ட் வெர்கேருஸ் பொய் சொன்ன சிறுவனைப் பிரம்பால் அடித்து, மன்னிப்புக் கேட்கச் செய்து, பரண்மேல் அடைக்கிறார். அதை அன்பு என்கிறார். அவர் பாசாங்குக்காரர் அல்லர். தாம் சொல்வதை நம்புகிறவர். அதுவே அவருடைய கொடுமை. தம்மிடம் ஒரே முகமூடிதான் உண்டு, அது சதையோடு ஒட்டிவிட்டது என்று அவர் மனைவியிடம் ஒப்புக்கொள்ளும்போது, நாம் அவருக்காக இரங்கவும் செய்கிறோம். திருப்பணியின் அங்கியே மேனியாகிவிட்ட மனிதருக்கு மனந்திரும்புவதற்கான வழி அடைபட்டுவிடுகிறது.

தம் பெற்றோரைக்குறித்துப் பெர்க்மனின் தீர்ப்பு அத்துடன் நிற்கவில்லை. தாய் கரீன் 1966இலும் தந்தை 1970இலும் மறைந்தனர். தாயின் நாட்குறிப்புகள் பின்னர் கிடைத்தபோது, அந்த இல்லத்தின் மறைவான துயரத்தை மகன் அறிந்தார். அவர் எழுத, பில்லெ ஆகஸ்ட் இயக்கிய 'நல்லெண்ணங்கள்' (1992) பெற்றோரின் இளமையைப் பரிவோடு சொல்கிறது. அவர் மகன் தானியேல் இயக்கிய 'ஞாயிற்றுக்கிழமைப் பிள்ளைகள்' (1992) தந்தையோடு மிதிவண்டியில் சென்ற நாள்களை மீட்கிறது. ஐந்து முறை மணந்தவரும், தம் பிள்ளைகளைப் புறக்கணித்ததாக ஒப்புக்கொண்டவருமாகிய பெர்க்மனுக்கு, தந்தையை மன்னிப்பது மற்றவர்மேல் தீர்ப்புச் சொல்லும் உரிமையைத் துறப்பதாகவும் இருந்தது.

நாம் கற்பது யாது?

பெர்க்மனை மறைவான விசுவாசியாக்கி நம் பக்கம் சேர்த்துக்கொள்வது நேர்மையாகாது. அறுவைச் சிகிச்சை ஒன்றில் மயக்கமருந்தால் பல மணி நேரம் நினைவே அற்றுப்போனபின், மரணத்திற்குப்பின் ஒன்றுமில்லை என்ற எண்ணம் தமக்கு ஆறுதலளித்தது என்றார் அவர். ஆனால் 1995இல் மனைவி இங்ரிட் மறைந்தபின், அவரை மீண்டும் காண்பதைக் குறித்துப் பேசலானார். 2007ஆம் ஆண்டு ஜூலை 30ஆம் நாள் ஃபோரோ தீவில் மறைந்து, அவ்வூர் ஆலயக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் பண்ணப்பட்டார். இவ்விரு நிலைகளையும் உள்ளபடியே விட்டுவிடுவதே அவருக்கு நாம் செய்யும் மரியாதை.

லுத்தர் 1518இல் ஹைடல்பெர்க் விவாதத்தில் மகிமையின் இறையியலையும் சிலுவையின் இறையியலையும் வேறுபடுத்தினார். கடவுளை வல்லமையிலும் வெற்றியிலும் மட்டுமே தேடுகிறவர் அவரைக் காணத் தவறுவர். அவர் தம்மைப் பாடுகளில் மறைத்து வெளிப்படுத்துகிறார். பெர்க்மன் திரையில் உடைத்தெறிந்தது பெரும்பாலும் மகிமையின் இறையியலின் கடவுளை: எல்லாவற்றுக்கும் விடையளிக்கிற, தண்டித்துக் கைமுத்தம் கேட்கிற, ஆயரின் தன்னலத்திற்குத் துணைநிற்கிற கடவுளை. அவ்விக்கிரகம் உடைவதைக் கண்டு நாம் அஞ்ச வேண்டியதில்லை. அது நம் பிரசங்கங்களில் இன்னும் நிற்கிறதோ என்பதற்கே அஞ்சவேண்டும்.

88ஆம் சங்கீதம் இருளிலேயே முடிகிறது. அதைத் திருமறையிலிருந்து எவரும் நீக்கவில்லை. நம் சபைகளிலும் யோனாஸைப் போன்றவர்கள் ஆராதனை முடிந்தபின் தயங்கி நிற்கின்றனர். அவர்களுக்கு ஆயத்தமான விடையும் உதவாது. நம் சொந்தக் கலக்கமும் உதவாது. அமர்ந்து கேட்கும் ஒருவர் அவர்களுக்கு வேண்டும். கேட்டபின், ஒரே ஒருவர் வந்திருந்தாலும், அவரும் நம்பாதவராயிருந்தாலும், குறித்த வேளையில் மணியடித்துப் பீடத்தின்முன் நிற்கும் ஆயர் வேண்டும். சொல்லைக் காத்தலும், சொல்லாதிருக்கும் வேளையை அறிதலும் ஆகிய இவ்விரண்டையும் ஒருவரே கற்றாக வேண்டும் என்பதுதான் இப்பணியின் கடினம்.